நகைக்குப் பின்னால் நின்ற அழுகை: நடிகர் நாகேஷ்



தொல்காப்பியர் மெய்ப்பாடுகள் எட்டினை எண்ணும்போது நகையை முதலில் வைத்தார். எள்ளல், இளமை, பேதைமை, மடமை என்னும் நான்கும் நகை பிறக்கும் களங்கள் என்றார். நகைக்கு அடுத்து அவர் வைத்தது அழுகை. இவ்விரண்டும் அடுத்தடுத்து நிற்பதன் பொருத்தத்தை எண்ணும்போதெல்லாம் என் நினைவுக்கு வருபவர் நடிகர் நாகேஷ் அவர்கள்.

1933ஆம் ஆண்டு தாராபுரத்தில், கன்னடம் பேசும் குடும்பமொன்றில் பிறந்தவர் நாகேஷ். ஒல்லியான தேகம், அம்மைத் தழும்பேறிய முகம். கதாநாயகர்களின் அழகை அளவுகோலாகக் கொண்டிருந்த திரையுலகில் இம்முகத்திற்கு இடமேது? சென்னையில் ரயில்வே எழுதுவினைஞராக இருந்த அவர், ஊழியர் நாடகமொன்றில் வயிற்றுவலிக்காரராகச் சிறு வேடம் ஏற்றார். தலைமை வகித்த எம்.ஜி.ஆர். அச்சிறு வேடத்தையே மேடையிற் பாராட்டினார். அதன்பின் வேலையைத் துறந்து, கவிஞர் வாலி போன்றோருடன் வறுமையைப் பங்கிட்டுக்கொண்டு வாய்ப்புத் தேடினார். 1959இல் ‘தாமரைக்குளம்’ அவரைத் திரைக்கு அழைத்து வந்தது.

1964ஆம் ஆண்டு அவரது வாழ்வின் திருப்புமுனையாகும். ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’ படத்தில் படம் எடுக்கத் துடிக்கும் செல்லப்பாவாக வந்து, தந்தையாக நடித்த ரி.எஸ். பாலையாவுக்குத் திகிற்கதை சொல்லும் காட்சியை மறந்தவர் யார்? கதவு திறப்பதும் காற்று வீசுவதும் அவரது குரலிலேயே நிகழ்கின்றன. பாலையாவின் முகத்திலே அச்சம் ஏற ஏற நமக்குச் சிரிப்பு ஏறுகின்றது. அதே ஆண்டில் வெளிவந்ததுதான் கே. பாலசந்தர் எழுதிய ‘சர்வர் சுந்தரம்’. உணவகப் பணியாளன் ஒருவன் புகழ்மிக்க நடிகனாகிறான்; ஆயினும் விரும்பிய பெண்ணை அடைய முடியவில்லை. ஊரையே சிரிக்க வைப்பவனுக்குத் தன் துயரைச் சொல்ல ஓர் ஆளில்லை. நகைச்சுவை நடிகரின் வாழ்க்கையையே கதைப்பொருளாக்கிய படம் அது.

இனி ‘திருவிளையாடல்’ (1965) தருமிக்கு வருவோம். பரஞ்சோதி முனிவரின் புராணத்திலே தருமி, பெற்றோரை இழந்த ஏழை இளைஞன். மணம் முடிக்கப் பொருளின்றி, பொற்கிழியைத் தனக்கு அருளுமாறு சொக்கநாதரிடம் மன்றாடுகிறான். அங்கே உள்ள சுவை அவலம். ஏ.பி. நாகராஜனின் படத்திலோ அதே தருமி நம்மைக் குலுங்கிச் சிரிக்க வைக்கிறார். கோயிற் பிராகாரத்தில் தமக்குத் தாமே புலம்புவதும், தேடிவந்த இறைவனிடமே சந்தேகத்தோடு கேள்வி கேட்பதும், பரிசு கைநழுவியதும் உடைந்து போவதும் எத்துணை இயல்பு! சிவாஜி கணேசன் போன்ற பெருநடிகர் எதிரே நிற்கவும், நம் கண்கள் நாகேஷை விட்டு அகல்வதில்லை.

ஒருமுறை உயர்தர வகுப்பில் இப்பகுதியைக் கற்பித்தபோது, தருமி ஏன் நம்மைச் சிரிக்க வைக்கிறான் என்று கேட்டேன். பலரும் பலவிதமாகக் கூறினர். பின்வரிசையில் எப்போதும் மௌனமாக இருக்கும் மாணவன் ஒருவன் எழுந்து, “அவனுக்குக் காசு வேணும் சேர். அதை மறைக்கத் தெரியேல்லை” என்றான். வகுப்பு சிரித்தது; அவன் சிரிக்கவில்லை. அவனுடைய வீட்டு நிலையை நான் அறிவேன். பேதைமையில் நகை பிறக்கும் என்ற இலக்கணத்தை நான் சொல்லிக் கொடுத்தேன். அப்பேதைமைக்குக் கீழே வறுமை இருக்கலாம் என்பதை அவன் எனக்குச் சொல்லித் தந்தான். நாகேஷின் நடிப்பும் அதைத்தான் சொன்னது.

அவரது சிறந்த பாத்திரங்கள் பலவும் இத்தகையனவே. ‘நீர்க்குமிழி’யில் (1965) மரணம் நெருங்குவதை அறியாமல் மருத்துவமனையைக் கலகலப்பாக்கும் நோயாளி, ‘எதிர்நீச்சல்’ படத்தில் (1968) மாடிப்படியின் கீழ் வாழ்ந்து, வீட்டாருக்கெல்லாம் எடுபிடி வேலை செய்து படிக்கும் அநாதை மாது. அதே ஆண்டு ‘தில்லானா மோகனாம்பாள்’ வைத்தியாக வந்து, சிரித்துக்கொண்டே குடிகெடுக்கும் தரகரையும் காட்டினார்.

காலம் மாறியது, புதிய நகைச்சுவை நடிகர்கள் வந்தனர். நாகேஷ் ஒதுங்கிவிடவில்லை. ‘அபூர்வ சகோதரர்கள்’ (1989) படத்தில் வில்லனானார். ‘மகளிர் மட்டும்’ (1994) படத்தில் பிணமாகவே நடித்துச் சிரிக்க வைத்தார். பேச்சும் அசைவும் இல்லாத நிலையிலும் அவர் நடிகரே. அதே ஆண்டு ‘நம்மவர்’ படத்தில் மகளை இழந்த பேராசிரியராக அவர் கதறியபோது, முப்பதாண்டுகளாக அவரைப் பார்த்துச் சிரித்தவர்கள் கண் கலங்கினர். இந்தியத் தேசிய விருது அந்த அழுகைக்கே கிடைத்தது. அத்தனை ஆண்டுச் சிரிப்புக்குக் கிடைக்கவில்லை. அழுவிப்பதையே உயர்ந்த கலையென்றும், சிரிக்க வைப்பதை எளிய கலையென்றும் எண்ணும் நமது மனப்பாங்கை இது காட்டவில்லையா?

‘தசாவதாரம்’ (2008) வரை நடித்த நாகேஷ், 2009 ஜனவரி 31இல் சென்னையில் காலமானார். தொல்காப்பியர் நகையை முதலில் வைத்தார். நாமும் அதற்குரிய இடத்தைக் கொடுப்போமாக.