ஓடாமல் ஓடும் பட்டை

கோயில் திருவிழாவில் சீரியல் விளக்குகளைப் பார்த்திருப்பீர்கள். ஒளி கிடுகிடுவென்று ஓடும். ஆனால் எந்த பல்பும் தன் இடத்தைவிட்டு அசைவதில்லை, அல்லவா? கம்ப்யூட்டர் ஒன்றும் இதே தந்திரத்தைச் செய்தது.

1995-இல் வெளிவந்த விண்டோஸ் 95 உள்ள கம்ப்யூட்டரை முடுக்கியதும், மேகங்கள் மிதக்கும் நீல வானத்தில் அதன் சின்னம் தோன்றும். அடியில் ஒரு வண்ணப் பட்டை விடாமல் ஓடிக்கொண்டிருக்கும். அந்த நேரத்தில் கம்ப்யூட்டருக்குத் தலைக்குமேல் வேலை. வட்டிலிருந்து ஒவ்வொரு கோப்பாக எடுத்துப் படித்தாக வேண்டும். இதற்கு நடுவே பட்டையை மீண்டும் மீண்டும் வரைய அதற்கு ஏது அவகாசம்?

அது வரையவே இல்லை! அந்தப் படம் 320 புள்ளி அகலம், 400 புள்ளி உயரம். ஆக 1,28,000 புள்ளிகள். ஒவ்வொரு புள்ளியிலும் நிறம் இல்லை. 0 முதல் 255 வரை ஓர் எண்தான் உண்டு. எண்ணிட்ட 256 சாயக் கிண்ணங்களை வரிசையாக வைத்திருப்பதாக எண்ணிக்கொள்ளுங்கள். 'இங்கே இத்தனையாவது கிண்ணத்துச் சாயம்' என்பதே அந்த எண்ணின் பொருள். இப்போது சில கிண்ணங்களின் சாயத்தை மட்டும் அடுத்தடுத்த கிண்ணத்துக்கு மாற்றுங்கள். கடைசியில் உள்ளது முதலாவதற்கு வரட்டும். படத்தில் ஓர் எண்கூட மாறவில்லை. ஆனால் பட்டை ஓடுகிறது!

இந்தப் படத்தை எடுத்துவிட்டு நம் படத்தை வைக்கவும் வழி இருந்தது. 'லோகோ.சிஸ்' என்று பெயர் பயமுறுத்தினாலும், அது சாதாரண பிட்மேப் படம்தான். பெயின்ட் நிரலில் அதே அளவில், 256 நிறங்களில் வரைந்து, அந்தப் பெயரைச் சூட்டி, சி டிரைவில் எந்த உறைக்குள்ளும் போடாமல் வைத்தால் போதும். பிடிக்கவில்லையா? அழித்துவிடலாம். மூலப் படம் 'ஐஓ.சிஸ்' என்ற கோப்புக்குள் பத்திரமாக இருந்தது. அது தானே திரும்பி வந்துவிடும்.

ஆசையாக வட்ட முகம் வரைந்தவர்களுக்கு மட்டும் ஓர் ஏமாற்றம் காத்திருந்தது. திரையில் அது பூசணிக்காய்போல் அகன்று தெரிந்தது! காரணம் இதுதான். படமோ அகலத்தைவிட உயரம் கூடியது. திரையோ 4 பங்கு அகலம், 3 பங்கு உயரம். அதில் படத்தை இழுத்து நிரப்பும்போது ஒவ்வொரு புள்ளியின் அகலமும் அதன் உயரத்தைப்போல் 5/3 மடங்கு ஆகிவிடுகிறது. ஆகவே 100 புள்ளி உயரத்துக்கு 60 புள்ளி அகலமே வைத்து, முட்டைபோல் வரைய வேண்டும். அப்போதுதான் திரையில் வட்டம் வரும்.

சரி, 120 புள்ளி உயரத்தில் ஒரு வண்டிச் சக்கரம் வரைய வேண்டும். அகலம் எத்தனை புள்ளி? கணக்குப் போட்டுப் பாருங்கள்!