ஒன்றுக்கு எவ்வளவு?



மழைக்கால இரவில் மின்னல் பளிச்சிடுகின்றது. சற்றுப் பொறுத்து இடி முழங்குகின்றது. அடுத்த முறை மின்னலைக் கண்டவுடன் வீட்டுக்குள் இருந்தபடியே நொடிகளை எண்ணத் தொடங்குங்கள். இடியோசை கேட்டதும் நிறுத்துங்கள். ஆறு நொடிகள் ஆயின என்று கொள்வோம். ஒலி காற்றில் ஒரு நொடிக்கு ஏறக்குறைய 340 மீட்டர் செல்லும். அதனை ஆறால் பெருக்க 2,040 மீட்டர் வரும். ஆகவே, மின்னல் ஏறத்தாழ இரண்டு கிலோமீட்டர் தொலைவில் தோன்றிற்று என்று கூறிவிடலாம். அளவுநாடாவும் பிடிக்காமல், அடியெடுத்தும் வையாமல், அத்தொலைவை நாம் அறிந்தது எவ்வாறு? ‘ஒரு நொடிக்கு இவ்வளவு’ என்னும் ஒரே செய்தியால் அன்றோ!

கணிதத்தில் இதனை ஓரலகு முறை என்பர். மிதிவண்டியில் சீரான வேகத்தில் செல்லும் ஒருவர் 3 மணி நேரத்தில் 36 கிலோமீட்டர் கடக்கின்றார். 5 மணி நேரத்தில் எவ்வளவு கடப்பார்? முதலில் ஒரு மணிக்குரியதைக் காண்க: 36ஐ 3ஆல் வகுக்க 12. பிறகு 12ஐ 5ஆல் பெருக்க 60 கிலோமீட்டர். தெரிந்த மூன்று எண்களைக் கொண்டு தெரியாத நான்காவதைக் காணும் இவ்வழி நம் நாட்டில் மிகப் பழையது. கி.பி. 499ஐ ஒட்டி இயற்றப்பெற்ற ஆரியபடீயத்திலும், 12ஆம் நூற்றாண்டில் பாஸ்கரர் இயற்றிய லீலாவதியிலும் இதற்குரிய விதி ‘திரைராசிகம்’ என்ற பெயரால் கூறப்பட்டுள்ளது.

விதி நல்லதே. ஆயினும், பொருள் உணராமல் விதியைக் கையாண்டால் நேர்வது யாது என்பதை என் அனுபவத்தாலேயே கூறுகின்றேன். ஆசிரியப் பணியின் தொடக்கத்தில், மேற்கூறியது போன்ற கணக்கொன்றைத் தேர்வில் கொடுத்தேன். ஒரு மாணவன், “3 மணிக்கு 36, இன்னும் 2 மணிக்கு 24, ஆக 60” என்று ஒரே வரியில் எழுதியிருந்தான். நான் கற்பித்த படிகளை எழுதவில்லை என்று அவனுக்கு ஐந்தில் இரண்டு மதிப்பெண்ணே இட்டேன். படிகளைப் பிறழாமல் எழுதிய மற்றொருவனுக்கு ஐந்தும் கொடுத்தேன்.

மறுவாரம் வகுப்பில் வேறொரு வினாவை எழுப்பினேன்: “அடுத்த ஊருக்கு ஒருவர் நடந்து செல்ல 40 நிமிடம் ஆகும். இருவர் சேர்ந்து நடந்தால் எவ்வளவு ஆகும்?” ஐந்து பெற்றவன் விதிப்படி கணக்கிட்டு, “20 நிமிடம்” என்றான். இரண்டு பெற்றவனோ எழுந்து, “இருவர் நடந்தால் வழி குறையுமா, ஐயா?” என்று கேட்டான். யாருடைய அறிவை நான் குறைத்து மதிப்பிட்டேன் என்பது அப்போது எனக்கு விளங்கிற்று. அன்றே அவன் விடைத்தாளைத் திரும்ப வாங்கி, மதிப்பெண்ணைத் திருத்தினேன்.

அது முதல், எண்களைத் தொடுமுன் மூன்று வினாக்களைக் கேட்குமாறு என் மாணவர்களுக்குச் சொல்லிவந்தேன்.

முதலாவது, வீதம் மாறாமல் இருக்கின்றதா? 12 கிலோமீட்டர் தொலைவிலுள்ள ஊருக்கு மணிக்கு 12 கிலோமீட்டர் வேகத்தில் சென்று, எதிர்காற்றில் மணிக்கு 6 கிலோமீட்டர் வேகத்தில் திரும்புகின்றீர்கள். சராசரி வேகம் 9 என்று சொல்லத் தோன்றும். ஆனால், போக ஒரு மணி, வர இரண்டு மணி. 24 கிலோமீட்டருக்கு 3 மணி. எனவே சராசரி 8தான். மெதுவான பயணம் அதிக நேரத்தை எடுத்துக்கொண்டதே காரணம்.

இரண்டாவது, எந்த ஒன்றுக்கு அளவு காண்பது? ஒரு பொருள் 250 கிராம் பொட்டலம் 35 ரூபாய். 400 கிராம் பொட்டலம் 52 ரூபாய். எது மலிவு? நூறு கிராமை ‘ஒன்று’ எனக் கொண்டால், முன்னது 14 ரூபாய், பின்னது 13 ரூபாய். ஐயம் தீர்ந்தது.

மூன்றாவது, அலகுகள் ஒத்துள்ளனவா? மணிக்கு 40 கிலோமீட்டர் வேகத்தில் பேருந்து 1 மணி 45 நிமிடம் ஓடுகின்றது. பலர் 1.45ஐ 40ஆல் பெருக்கி 58 என்று எழுதிவிடுவர். ஒரு மணிக்கு 60 நிமிடமேயன்றி நூறு அன்று. 45 நிமிடம் முக்கால் மணி, ஆகவே 1.75ஐ 40ஆல் பெருக்க 70 கிலோமீட்டர் என்பதே சரி.

இறுதியாக ஒரு கணக்கை உங்களுக்கு விட்டுச் செல்கின்றேன். கதிரவன் நம்மிடமிருந்து ஏறத்தாழ 15 கோடி கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. ஒளி ஒரு நொடிக்கு ஏறத்தாழ 3 லட்சம் கிலோமீட்டர் செல்லும். காலையில் உங்கள் முற்றத்தில் விழும் வெயில் கதிரவனை விட்டுப் புறப்பட்டு எத்தனை நிமிடம் ஆயிற்று? நொடிகளைக் கண்டு நிமிடமாக மாற்றுங்கள். எட்டு நிமிடத்திற்குச் சற்று மேல் வந்தால், உங்கள் வழி சரியானதே.