வீடு நாற்பது லட்சம், கடனோடு எவ்வளவு?

ஊரப்பாக்கத்தில் மறுவிற்பனைக்கு ஒரு வீடு, விலை 40 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். வாங்கப் போகிற குடும்பம் வாரக் கடைசியெல்லாம் அலையும். புரோக்கரை நடுவில் உட்காரவைத்து, ஐம்பதாயிரமாவது குறையுங்கள் என்று மல்லுக்கட்டும். போர் எத்தனை அடி, கார் நிறுத்த இடம் உண்டா, பராமரிப்புக் கட்டணம் எவ்வளவு என்று குடைந்து குடைந்து கேட்கும். அதே குடும்பம் வங்கியில் போய் உட்கார்ந்ததும் கேட்பது ஒரே கேள்விதான்: “மாசம் எவ்வளவு சார் வரும்?” அதிகாரி ஒரு தொகையைச் சொல்வார். சம்பளத்துக்குள் அடங்கினால் கையெழுத்து. ஐம்பதாயிரத்துக்குப் பேரம் பேசியவர்கள் இருபது லட்ச ரூபாய் வித்தியாசத்தைப் பற்றி வாயே திறக்காமல் எழுந்து வருவது இங்கேதான்.

கணக்கைப் பார்ப்போம். கையிலிருந்து 10 லட்சம் போட்டு, 30 லட்சம் கடன். வட்டி 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு. மாதத் தவணை 26,035 ரூபாய். 240 மாதம் கட்டி முடிக்கும்போது மொத்தம் 62.48 லட்சம் போயிருக்கும். வாங்கியது 30, வட்டி 32.48. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 5, மாற்றுத் தீர்வை 2, பதிவுக் கட்டணம் 2 என 9 சதவீதம். 40 லட்சத்துக்கு 3.6 லட்சம். வீட்டின் மதிப்பில் இத்தனை சதவீதம்தான் கடன் தரலாம் என்று ரிசர்வ் வங்கி உச்சவரம்பு வைத்திருக்கிறது. வீட்டு விலை 10 லட்சத்தைத் தாண்டினால் அந்த மதிப்பில் பத்திரச் செலவைச் சேர்க்க முடியாது, அது கைக்காசு. ஆக, 40 லட்ச ரூபாய் வீட்டுக்கு 76 லட்சத்துக்கு மேல். ப்ராசஸிங் கட்டணம், அதன் மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி., வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம் எல்லாம் இன்னும் வரவில்லை.

மாதத் தவணையில் எவ்வளவு அசலுக்குப் போகிறது என்பது பலருக்கும் முதல் வருடக் கணக்கு அறிக்கை வரும்போதுதான் உறைக்கிறது. மேலே சொன்ன கடனில் முதல் மாதத் தவணையான 26,035-ல் வட்டி மட்டும் 21,250. அசலில் கழிவது 4,785. ஐந்து வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டினால் 15.62 லட்சம் கட்டியாகியிருக்கும். பாக்கியோ இன்னும் 26.44 லட்சம். அசலில் சரிபாதி கழிவது பத்தாவது ஆண்டில் இல்லை, பதினான்காவது ஆண்டின் கடைசியில். இதில் ஏமாற்று எதுவும் கிடையாது. மீதமிருக்கும் அசலுக்கு மட்டும்தான் வட்டி. ஆரம்பத்தில் அசல் பெரிதாக இருப்பதால் வட்டியும் பெரிது. கையெழுத்துப் போடும் முன்பே இந்த அசல்–வட்டி அட்டவணையைக் கேட்டு வாங்கிப் படித்தால், ஆறாவது வருடத்தில் வீட்டை விற்கிறவர் “இவ்வளவு கட்டியும் இத்தனை பாக்கியா” என்று கிளையில் சண்டை போட வேண்டியிருக்காது.

அடுத்தது கடன் காலம். உண்மையான செலவு இங்கேதான் ஒளிந்திருக்கிறது. “தவணை கொஞ்சம் பாரமா இருக்கா? முப்பது வருஷமாப் போட்டுக்கலாமே” என்பது கடன் பிரிவில் சர்வசாதாரணமாகக் கேட்கும் யோசனை. போட்டால் தவணை 23,067 ஆகும். மாதம் 2,968 ரூபாய் மிச்சம். அதற்குக் கொடுக்கும் விலை: மொத்த வட்டி 53 லட்சம். இருபது வருடக் கடனைவிட இருபது லட்சத்துக்கும் அதிகம். எதிர்ப்பக்கம், 15 வருடமாகச் சுருக்கினால் தவணை 29,542, மொத்த வட்டி 23.18 லட்சம். வட்டி விகிதத்தில் அரை சதவீதம் கூடினால் (8.5-க்குப் பதில் 9) இருபது வருடத்தில் 2.3 லட்சம்தான் கூடுகிறது. அரை சதவீதத்துக்காக நான்கு வங்கி ஏறி இறங்குகிறவர்கள் பத்து வருடம் கூடுவதை நொடியில் ஒத்துக்கொள்வது விநோதம்.

வட்டியாகப் போன 32 லட்சம் அத்தனையும் நஷ்டம் என்று சொல்லிவிடவும் முடியாது. கடன் இல்லாவிட்டால் வாடகை கொடுத்திருக்க வேண்டும். இருபது வருடம் கழித்து 26 ஆயிரம் ரூபாய்க்கு இன்றைய மதிப்பும் இருக்காது. தனிநபர் கடன், கார்டு பாக்கி இவற்றோடு ஒப்பிட்டால் வீட்டுக்கடன் மலிவானதும்கூட. அதனால் கடனே வேண்டாம் என்பதல்ல வாதம். எத்தனை மாதம் கட்டப் போகிறோம் என்பது நமக்குத் தெரிந்து நடக்க வேண்டும், அவ்வளவுதான்.

பலருக்குத் தெரியாமலே அந்த மாத எண்ணிக்கை மாறுகிறது. இங்கே வீட்டுக்கடனில் பெரும்பகுதி மாறும் வட்டிக் கடன். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் கொடுக்கும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டியான ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறையாவது வட்டி அதற்கேற்ப மாற வேண்டும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்த விதி இல்லை. அவை தாங்களே நிர்ணயிக்கும் அளவுகோலை வைத்துக்கொள்ளலாம். ரெப்போ குறைந்தும் தங்கள் வட்டி அசையவில்லை என்று புலம்புகிறவர்கள் முதலில் பார்க்க வேண்டியது, கடன் கொடுத்தது வங்கியா நிதி நிறுவனமா, அளவுகோல் எது என்பதை. 2019-க்கு முந்தைய வங்கிக் கடன் இன்னும் எம்.சி.எல்.ஆர். அல்லது பேஸ் ரேட் என்ற பழைய அளவுகோல்களில் ஓடிக்கொண்டிருந்தால், ரெப்போ வட்டிக்கு மாற்றித் தரும்படி எழுதிக் கேட்கலாம்.

2021-ல் வீட்டுக்கடன் வட்டி 6.7 சதவீதம் வரை இறங்கியிருந்தது. அப்போது 30 லட்சத்தை 20 ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை 22,722. பிறகு 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போவை 4-லிருந்து 6.5 சதவீதமாக ஏற்றியது. அவருடைய வட்டி 9.2 ஆனது. பாக்கி 29 லட்சம் என்று கொண்டால், ஒரு மாத வட்டி மட்டும் 22,233. தவணையை மாற்றாமல் விட்டால் அசலுக்குப் போவது மாதம் 489 ரூபாய்! அந்த வேகத்தில் கடன் முடிய ஏறத்தாழ 42 வருடம் ஆகும். மீதி பதினெட்டரை வருடத்திலேயே முடிய வேண்டுமானால் தவணை 27,200-ஐத் தொட வேண்டும். அந்தச் சமயத்தில் பல வங்கிகள் தவணையைத் தொடாமல் காலத்தை மட்டும் நீட்டின. கணக்கில் பிடிக்கும் தொகை மாறாததால் வாடிக்கையாளர் கவனிக்கவும் இல்லை. ஐம்பது வயதுக்காரரின் கடன், ஓய்வு பெற்ற பிறகும் ஓடும் கடனாக மாறியிருந்தது. தகவல் வந்திருந்தால் அது ஏதோ ஒரு குறுஞ்செய்திக் குவியலில்.

இதற்குக் கடிவாளம் போட்டது ரிசர்வ் வங்கியின் 2023 ஆகஸ்ட் 18 சுற்றறிக்கை. அதே ஆண்டு டிசம்பர் இறுதிக்குள் பழைய கடன்களுக்கும் சேர்த்து அமலாக வேண்டும் என்றது. அதன்படி, வட்டி ஏறினால் தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. மாத வட்டியைக்கூடக் கட்ட முடியாத அளவுக்குக் காலத்தை நீட்டி, அசல் வளரும் நிலைக்குக் கொண்டுபோகக் கூடாது. மூன்று மாதத்துக்கு ஒரு முறை அறிக்கை தர வேண்டும்: இதுவரை பிடித்த அசல், வட்டி, தவணைத் தொகை, மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கை, ஆண்டு வட்டி விகிதம். இந்த அறிக்கையில் கண் போக வேண்டிய இடம் ‘மீதமுள்ள தவணைகள்’ என்ற வரி. போன முறை 201 இருந்து, இந்த முறை 198 இல்லாமல் 230 என்றிருந்தால் கிளைக்குப் போக வேண்டும், அன்றைக்கே.

இதன் மறுபக்கமும் உண்டு. 2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரெப்போ ஒரு சதவீதம் இறங்கியது. வட்டி குறையும்போது தவணையை அப்படியே வைத்துக் காலத்தைக் குறைப்பதுதான் கடன்காரருக்கு லாபம். அப்படித்தான் செய்திருக்கிறார்களா என்று கேட்பதில் தவறில்லை.

கடன் வாங்கும் நாளில் கைக்கு வர வேண்டிய தாள் ஒன்று இருக்கிறது. 2024 அக்டோபர் 1 முதல் அனுமதிக்கப்படும் எல்லாச் சில்லறைக் கடன்களுக்கும் ‘முக்கிய விவர அறிக்கை’ கட்டாயம். வாடிக்கையாளருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும், தமிழில் கேட்கலாம். கட்டணங்கள் எல்லாம் சேர்ந்த ஆண்டுச் செலவு விகிதம் அதில் இருக்கும். விளம்பரத்தில் 8.5 என்று போட்டது அங்கே கூடுதலாகத் தெரிந்தால், அந்த வித்தியாசம்தான் கட்டணங்கள். அந்த அறிக்கையில் இல்லாத கட்டணத்தை வாடிக்கையாளரின் வெளிப்படையான சம்மதமின்றிப் பின்னால் பிடிக்கக் கூடாது.

பெரும்பாலும் அங்கேதான் காப்பீடு எட்டிப் பார்க்கும். “லோனோட இன்சூரன்ஸ் கம்பல்சரி சார்” என்பார்கள். கட்டாயம் என்று எந்தச் சட்டமும் இல்லை. ஒரே தவணையாக ஒரு லட்சம் பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், 8.5 சதவீதத்தில் இருபது வருடத்தில் அது 2.08 லட்சம். சம்பாதிக்கிறவர் போய்விட்டால் குடும்பத்துக்குக் கடன் சுமையாகக் கூடாது என்பது சரிதான். அதற்குத் தனியாக ஒரு டெர்ம் பாலிசி எடுத்தால் வங்கி மாறினாலும் அது கூடவே வரும். தெரியாமல் பாலிசி போட்டுவிட்டார்களென்றால், பத்திரம் கைக்கு வந்த 30 நாளுக்குள் திருப்பிக் கொடுத்துப் பணம் கேட்கலாம்.

இன்னொரு சின்ன விஷயம், சின்னத் தொகையல்ல. கடன் அனுமதியான நாளிலிருந்தோ ஒப்பந்தம் போட்ட நாளிலிருந்தோ வட்டி போடுவது, காசோலையைப் பீரோவில் வைத்துக்கொண்டு அதில் உள்ள தேதியிலிருந்து கணக்கிடுவது, மாதக் கடைசியில் பணம் கொடுத்துவிட்டு முழு மாத வட்டி பிடிப்பது ஆகிய மூன்றும் முறையற்றவை என்று 2024 ஏப்ரல் 29-ல் ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. பணம் கைக்கு வந்த தேதியையும் முதல் வட்டித் தேதியையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் தெரிந்துவிடும்.

கடனைச் சீக்கிரம் முடிக்க நினைப்பவருக்குச் சட்டம் துணை நிற்கிறது. தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே தடை வந்துவிட்டது. வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே, அதே 30 லட்ச ரூபாய்க் கடன் மூன்றரை வருடம் முன்னதாக முடியும்; ஆறு லட்சத்துக்கு மேல் வட்டி மிச்சம். தீபாவளி போனஸ், சீட்டுப் பணம், எதுவானாலும் முதல் ஏழெட்டு வருடத்தில் போட்டால் பலன் அதிகம். பணத்தோடு ஒரு கடிதமும் கொடுக்க வேண்டும்: தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கவும் என்று. வரிச்சலுகை போய்விடுமே என்று தயங்குகிறவர்கள் உண்டு. பழைய வரி முறையில் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு. இப்போது இயல்பாகவே பொருந்தும் புதிய முறையில் அது இல்லை. நூறு ரூபாய் வட்டி கட்டி முப்பது ரூபாய் வரி மிச்சம் பிடிப்பது எப்படிப் பார்த்தாலும் சேமிப்பாகாது.

தவணை கட்ட முடியாமல் போனால்? 90 நாள் பாக்கி நின்றால் கடன் வாராக்கடன் ஆகும். பிறகு 2002-ம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் அவகாசத்துடன் நோட்டீஸ் வரும். அதற்குப் பதில் எழுதினால் வங்கி 15 நாளில் காரணத்தோடு பதில் சொல்ல வேண்டும். இந்த உரிமையைப் பலர் பயன்படுத்துவதே இல்லை, நோட்டீஸை வாங்க மறுத்துத் திருப்பி அனுப்பிவிடுகிறார்கள். வீட்டைக் கையகப்படுத்தும் நடவடிக்கை எடுத்தால் 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் முறையிடலாம். சென்னை, மதுரை, கோவையில் இருக்கிறது. ஏலத்தில் கடனுக்கு மேல் கிடைத்த தொகை வீட்டுக்காரருக்குச் சேர வேண்டியது. வசூல் முகவர் காலை 8-க்கு முன்பும் இரவு 7-க்குப் பிறகும் போன் செய்யக் கூடாது.

புகாரை முதலில் வங்கிக்கே எழுத்தில் கொடுக்க வேண்டும். 30 நாளில் பதில் இல்லை, அல்லது பதில் திருப்தியில்லை என்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணமின்றிப் போகலாம். கடன் கொடுத்தது வீட்டுவசதி நிதி நிறுவனமென்றால் போக வேண்டிய இடம் தேசிய வீட்டுவசதி வங்கி.

கடைசித் தவணை கட்டியதும் இனிப்பு வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போய்விடுகிறவர்களே அதிகம். இன்னும் இரண்டு வேலை பாக்கி. 2023 டிசம்பர் 1 முதல், கடன் முடிந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். தன் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. அடுத்தது சார்பதிவாளர் அலுவலகம். கடன் வாங்கியபோது பத்திரங்களை ஒப்படைத்ததாக அங்கே பதிவாகியிருக்கும். வங்கி தரும் ரசீது ஆவணத்தைப் பதிவு செய்து அதை ரத்து செய்யாவிட்டால், வில்லங்கச் சான்றில் அந்த 30 லட்சக் கடன் அப்படியே நிற்கும். ரத்து பதிவானதும் புதிதாக ஒரு வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து, அதை மூலப் பத்திரத்தோடு சேர்த்து வைத்துக்கொள்ளலாம்.