தொழிற்சங்க உரிமை: சட்டம் தருவதும் தடுப்பதும்

தொழிற்சங்கம் அமைப்பது இந்தியக் குடிமக்களின் அடிப்படை உரிமை. அரசியல் சாசனத்தின் 19(1)(இ) பிரிவு அதைத் தருகிறது. வேலைநிறுத்தம் அப்படியல்ல. அது சட்டம் வகுத்த எல்லைக்குள் மட்டுமே செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 1961இல் கூறியது. 2003இல் தமிழக அரசு ஊழியர்கள் கூட்டமாகப் பணிநீக்கம் செய்யப்பட்ட வழக்கில், அவர்களுக்கு வேலைநிறுத்த உரிமையே இல்லை என்றது. ஆகவே அந்த எல்லையை எங்கே வகுப்பது என்ற அரசின் கொள்கையே தொழிலாளியின் பேரம் பேசும் வலுவைத் தீர்மானிக்கிறது.

தொழிற்சங்கச் சட்டத்தின் வேர் சென்னையில் இருக்கிறது. பின்னி ஆலைத் தொழிலாளர்களுக்காக 1918இல் பி.பி. வாடியா தலைமையில் சென்னைத் தொழிலாளர் சங்கம் உருவானபோது, சங்கத்துக்குச் சட்டக் காப்பு எதுவும் கிடையாது. நிர்வாகம் சங்கத் தலைவர்கள் மீது வழக்குத் தொடுத்து, உயர் நீதிமன்றத்தில் தடையாணையும் பெற்றது. அந்த அதிர்ச்சியின் பின்விளைவுதான் 1926ஆம் ஆண்டுத் தொழிற்சங்கச் சட்டம். பதிவு பெற்ற சங்கத்தின் நிர்வாகிகளை, சங்க நடவடிக்கைக்காகச் சதி வழக்கிலும் நஷ்டஈட்டு வழக்கிலும் சிக்கவைப்பதை அது தடுத்தது. அந்தச் சட்டத்தின் இடத்தில் 2025 நவம்பர் 21 முதல் தொழிலுறவுத் தொகுப்புச் சட்டம் நடைமுறையில் உள்ளது.

சங்கப் பதிவுக்கு 7 பேர் விண்ணப்பித்தால் போதும். ஆனால் மொத்தத் தொழிலாளர்களில் 10 சதவீதம் அல்லது 100 பேர், இதில் எது குறைவோ அத்தனை பேர் உறுப்பினராக இருக்க வேண்டும். எளிதாகத் தோன்றும் இந்தப் படியிலேயே போராட்டம் மூளுவதுண்டு. திருப்பெரும்புதூர் சாம்சங் ஆலையில் 2024 செப்டம்பரில் தொடங்கி 37 நாள் நடந்த வேலைநிறுத்தத்தின் மையக் கோரிக்கை சங்க அங்கீகாரம். சங்கத்தின் பெயரில் நிறுவனப் பெயர் இருப்பதை நிர்வாகம் எதிர்த்தது. விவகாரம் உயர் நீதிமன்றம் வரை போன பிறகு, 2025 ஜனவரியில்தான் பதிவு கிடைத்தது. பதிவாளரின் தாமதமும் ஒருவகை மறுப்புதான்.

பதிவு வேறு, பேச்சுவார்த்தைக்கான அங்கீகாரம் வேறு. பல சங்கங்கள் உள்ள ஆலையில் 51 சதவீத ஆதரவு பெற்ற சங்கமே பேச்சுவார்த்தைச் சங்கம். எந்தச் சங்கமும் அந்த அளவை எட்டாவிட்டால், குறைந்தது 20 சதவீத ஆதரவுள்ள சங்கங்கள் கூடிப் பேச்சுவார்த்தைக் குழு அமையும். சங்கங்கள் துண்டுபட்டுக் கிடந்தால் லாபம் நிர்வாகத்துக்கே.

வேலைநிறுத்தத்தில்தான் ஆபத்து மிகுதி. முன்பு பொதுப் பயன்பாட்டுப் பணிகளுக்கு மட்டும் கட்டாயமாக இருந்த முன்னறிவிப்பு, இப்போது எல்லாத் தொழிலகங்களுக்கும் பொருந்தும்: நோட்டீஸ் கொடுத்து 14 நாள் காத்திருக்க வேண்டும். சமரச அலுவலர் முதல் கூட்டம் நடத்தியதுமே சமரச நடவடிக்கை தொடங்கிவிடுகிறது. அது முடிந்து 7 நாள் ஆகும்வரை வேலைநிறுத்தம் செய்ய முடியாது. பாதிப் பேரோ அதற்கு மேற்பட்டோரோ கூடிப் பேசி ஒரே நாளில் தற்செயல் விடுப்பு எடுத்தாலும் அது வேலைநிறுத்தமே. மீறினால் 1,000 முதல் 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது ஒரு மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். ஆட்குறைப்புக்கும் ஆலை மூடலுக்கும் அரசின் முன்அனுமதி தேவைப்படும் வரம்பு 100 தொழிலாளரிலிருந்து 300 ஆக உயர்த்தப்பட்டிருப்பதால், நடுத்தர ஆலைகளில் பணிபுரிவோர் பெரிய அரண் ஒன்றை இழந்திருக்கிறார்கள்.

ஆயினும் வழிகள் அடைபட்டுவிடவில்லை. சங்கத்தில் சேர்ந்ததற்காகப் பழிவாங்குவது, மிரட்டுவது, நிர்வாகமே சங்கம் தொடங்கி நடத்துவது ஆகியவை நியாயமற்ற தொழில் நடைமுறைகள். அவற்றுக்கு 2 லட்சம் ரூபாய் வரை அபராதம் உண்டு. தாவா நிலுவையில் இருக்கும்போது, அதோடு தொடர்புள்ள காரணத்துக்காக ஒருவரை நீக்க, தாவாவை விசாரிக்கும் அதிகாரியின் எழுத்துப்பூர்வ முன்அனுமதி வேண்டும்.

வேலையிழந்தவர் தனியாளாகவே சமரச அலுவலரிடம் மனுக் கொடுக்கலாம். 45 நாளில் தீர்வு இல்லையென்றால் நேரே தொழில் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். ஆனால் பணிநீக்க நாளிலிருந்து 2 ஆண்டுக்குள் போயாக வேண்டும். முன்பு இது 3 ஆண்டாக இருந்தது. சார்ஜ் மெமோ, உள்விசாரணைக் கடிதங்கள், சம்பளச் சீட்டு, வருகைப் பதிவு, சங்கச் சந்தா ரசீது ஆகியவற்றின் நகல்கள் தொழிலாளியின் கையில் இருந்தால்தான் வழக்கு நிற்கும். வக்கீலுக்குப் பணமில்லை என்று பின்வாங்கத் தேவையில்லை. 1987ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின்படி, தொழிலகத் தொழிலாளி எவரும் வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவிக்குத் தகுதியானவர். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் அதற்கு மனுச் செய்யலாம்.