லயம் என்னும் குடியிருப்பு

“மூணாற்றில் உங்களுக்குச் சொந்த வீடா, வாடகை வீடா?” என்று விடுதி நண்பர்கள் என்னைக் கேட்பதுண்டு. இரண்டும் அல்ல. நாங்கள் குடியிருப்பது லயத்தில். இடுக்கி மலைகளிலும், பாலக்காட்டைச் சேர்ந்த நெல்லியாம்பதியிலும் உள்ள தோட்டத் தமிழர்களுக்கு இச்சொல்லை விளக்க வேண்டுவதில்லை. சமவெளி நண்பர்களுக்காகவே இதனை எழுதுகிறேன்.

வரிசையைக் குறிக்கும் ‘லைன்’ என்ற ஆங்கிலச் சொல்தான் லயமாயிற்று என்பர். குதிரை கட்டும் லாயத்தோடு ஓசை ஒத்திருப்பது தற்செயலாக இருக்கலாம். எங்கள் பாட்டிமார் மட்டும் அதனை ஒப்பமாட்டார்கள்.

1877-ம் ஆண்டில் ஜான் டேனியல் மன்றோ என்னும் ஆங்கிலேயர் பூஞ்சாறு அரசரிடம் கண்ணன் தேவன் மலைகளைக் குத்தகைக்குப் பெற்றார். பின்னர்க் காடு தேயிலையாயிற்று. தேயிலைக்கு ஆள் வேண்டுமே! திருநெல்வேலி, இராமநாதபுரம், மதுரைப் பக்கங்களிலிருந்து கங்காணிமார் ஆட்களைத் திரட்டினர். என் தாத்தாவின் தகப்பனார் கோவில்பட்டிப் பக்கத்துக் கரிசல் நிலத்தை விட்டுப் போடி, குரங்கணி வழியாக டாப் ஸ்டேஷனுக்கு நடந்தே ஏறியவர். வந்தவர்களைத் தங்க வைக்க எழுந்தவையே லயங்கள்.

ஒரே நீளக் கூரை. அதன் கீழ் எட்டோ பத்தோ வீடுகள். ஒவ்வொன்றுக்கும் ஒரு திண்ணை, ஓர் அறை, பின்னால் அடுக்களை. முற்றம் எல்லாருக்கும் பொது, குழாயும் பொது. பௌதிகம் பயிலும் என் கண்ணுக்கு இவ்வமைப்பு சுவையானது. நடு வீட்டின் பக்கச் சுவர் இரண்டும் அண்டை வீட்டு அடுப்பால் வெதுவெதுப்பாக இருக்கும். கோடி வீட்டுக்கோ ஒரு சுவர் வெளிக்காற்றுக்குத் திறந்தே கிடக்கும். ஆகவே மார்கழி, தை மாதங்களில் உறைபனி விழும் நாட்களில் கோடி வீட்டார் விறகுக்கு அதிகம் அலைவர். தகரக் கூரை தன் வெப்பத்தை இரவு வானுக்குக் கதிர்வீசி விரைவில் குளிர்ந்துவிடும். உள்ளே நம் மூச்சிலும் உலைநீரிலும் உள்ள ஆவி அதில் பட்டு நீராகி விடியற்காலையில் முகத்திலே சொட்டும். மழை பெய்யாமலே கூரை ஒழுகுவதன் காரணம் இதுவே.

பழைய லயங்கள் பலவற்றில் இடைச்சுவர் கூரை முட்ட எழும்பியதில்லை. ஒரு வீட்டுப் பேச்சு அடுத்த வீட்டுக்கு அப்படியே போகும். சண்டையும் போகும், சங்கதியும் போகும். 2015 செப்டம்பரில் தொழிற்சங்கத் தலைவர்களை ஒதுக்கிவிட்டு மூணாற்றுப் பெண்கள் தாமே திரண்டு, 20 விழுக்காடு போனஸ் கேட்டுச் சாலையில் அமர்ந்தார்களே, ‘பெம்பிளை ஒருமை’ என்று பேர் பெற்ற அந்தப் போராட்டம், அதற்குத் துண்டறிக்கை எதற்கு? பொதுக் குழாயடியும் இடைச்சுவரின் மேலுள்ள அந்த இரண்டடி வெளியுமே போதுமென்பது என் கருத்து.

இனி முக்கியமான செய்திக்கு வருவோம். தோட்டத் தொழிலாளிக்கு வீடு தரவேண்டியது முதலாளியின் கடமை என்று 1951-ம் ஆண்டுச் சட்டம் விதித்தது. நல்ல சட்டந்தான். ஆனால் வேலைக்காகத் தரப்பட்ட வீடு வேலையோடு போய்விடும். பணி ஓய்வு பெற்றவர் பிள்ளைகளில் ஒருவர் கொழுந்து கிள்ள முன்வந்தால் குடும்பம் அங்கேயே இருக்கலாம். இல்லையேல் காலி செய்ய வேண்டும். வீட்டை ஒப்படைத்த பின்னரே பணிக்கொடை என்பது பல தோட்டங்களின் வழக்கம். என் அன்னைக்கு இப்போது வயது 56. 58-ல் ஓய்வு. கோவில்பட்டிப் பக்கம் எங்களுக்கு ஒரு குழி நிலமும் இல்லை. நான் பட்டம் பெறுவது பற்றி லயத்தார் மகிழ்கிறார்கள். அந்தப் பட்டத்தால் வீடு போகும் என்பதும் அவர்களுக்குத் தெரியும்.

வீட்டின் ஆயுளை மட்டுமல்ல, அது நிற்கும் இடத்தையும் வேலையே தீர்மானித்தது. நீருக்கு ஓடை அருகில் இருக்கவேண்டும். காலை மஸ்டருக்கு ஆட்கள் விரைந்து வரவேண்டும். தேயிலைக்கு ஏற்ற சரிவு வீணாகக் கூடாது. எனவே லயங்கள் பல சரிவின் அடியில், ஓடையோரத்தில் அமைந்தன. துரைமாரின் பங்களாக்களோ பெரும்பாலும் மேட்டில்!

2020 ஆகஸ்டு 6-ம் நாள் இரவு ராஜமலையை அடுத்த பெட்டிமுடியில் மலை சரிந்து நான்கு லய வரிசைகளை மூடியது. மாண்டவர் எழுபதின்மர். அவருள் பலர் கயத்தாற்றுப் பக்கத்தை வேராகக் கொண்டவர். மின்சாரமும் தொலைபேசியும் அற்றுப்போனதால் வெளியுலகம் அறிந்தது மறுநாட் காலையிலே. அன்று ஒரே நாளில் அங்கே பெய்த மழை 600 மில்லிமீட்டருக்கு மேல். சென்னை நகரம் ஓராண்டு முழுதும் பெறுவது சராசரியாக 1,400 மில்லிமீட்டர் அளவே. ஒரு மில்லிமீட்டர் மழை என்றால் ஒரு சதுர மீட்டர் நிலத்தில் ஒரு லிட்டர் நீர். ஆக, ஒரு ஹெக்டேர் சரிவின்மேல் விழுந்தது 6,000 டன். எடை மட்டுமே கேடன்று. மண்மணிகளுக்கு இடையே புகுந்த நீர் அவற்றை ஒன்றினின்று ஒன்று தள்ளுகிறது. மணிகள் ஒன்றையொன்று பற்றியிருந்த உராய்வு குறைகிறது. அதுவரை நின்ற மண் கூழ்போல் ஓடத் தொடங்குகிறது. ஓடும் வழி ஓடைதான்.

பிழைத்தோரில் எட்டுக் குடும்பங்களுக்குக் குட்டியாறு பகுதியில் நிலமும் வீடும் கிடைத்தன. மற்ற தோட்டங்களின் ஓடையோர வரிசைகளில் இன்றும் அடுப்பெரிகிறது.

எங்கள் லயத்தில் ஓர் ஏற்பாடு செய்திருக்கிறோம். அடிமுதல் வாய்வரை ஒரே அகலமுள்ள தகர டப்பா ஒன்றை முற்றத்தின் நடுவே, கூரைநீர் தெறிக்காத இடத்தில் வைத்து, உள்ளே அளவுகோலை நிறுத்தியிருக்கிறோம். காலை ஏழு மணிக்குக் கொட்டிவிட்டு மறுபடி வைக்க வேண்டும். இந்திய வானிலைத் துறையின் கணக்கில் நாளொன்றுக்கு 204 மில்லிமீட்டரைத் தாண்டினால் அதிகன மழை. நீர்மட்டம் 150-ஐத் தொட்டதும், இரவானாலும் சரி, ஓடையோர வரிசைக்காரர்கள் மேட்டிலுள்ள பள்ளிக்கூடத்திற்குப் போய்விடுவதென்று லயத்தார் பேசி முடித்திருக்கிறார்கள். பள்ளிக்கூடச் சாவி கோடி வீட்டு அத்தையிடம் இருக்கிறது.