பாலாமணிக்காக ஓடிய ரயில்

சென்ற மாதம் லிட்டில் இந்தியா பக்கம் ஒரு தமிழ் நாடகம் பார்த்தேன். முடியும்போது இரவு பத்தரை தாண்டிவிட்டது. கைதட்டல் ஓய்வதற்குள் பலரும் கைப்பேசியில் கடைசி ரயில் நேரத்தைத் தேட ஆரம்பித்துவிட்டோம். டோபி காட்டில் ரயில் மாறி ஈசூன் வந்து இறங்கும்வரை என் மனத்தில் ஒரு பெயர்தான் ஓடிக்கொண்டிருந்தது: கும்பகோணம் பாலாமணி.

அவருடைய நாடகத்துக்குப் போனவர்களுக்கு இந்தக் கவலை இருந்திருக்காது. ரசிகர்களைக் கும்பகோணத்துக்கு அழைத்து வந்து, நாடகம் முடிந்ததும் ஊர் திரும்ப வைக்கச் சிறப்பு ரயிலே விட்டார்களாம். மக்கள் அதற்கு வைத்த பெயர் 'பாலாமணி ஸ்பெஷல்'!

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கம் அது. பெரும்பாலான நாடகக் குழுக்களில் பெண் வேடத்தையும் ஆண்களே கட்டினார்கள். பாலாமணி அதை அப்படியே திருப்பிப் போட்டார். பெண்கள் மட்டுமே நடிக்கும் கம்பெனியைத் தொடங்கினார்; ஆண் வேடங்களையும் பெண்களே ஏற்றார்கள். அவர் நடிகை மட்டுமல்லர், முதலாளியும் கூட. தேவதாசி மரபில் வந்த பல பெண்களுக்கு அந்தக் கம்பெனி சோறு போட்டது. 'தாரா சசாங்கம்', 'டம்பாச்சாரி' போன்ற நாடகங்களுக்குக் கூட்டம் அலைமோதியது.

அத்தனை புகழும் எங்கே போனது?

தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' 1931இல் வந்தது. அதன் கதாநாயகி டி.பி. ராஜலட்சுமியும் நாடக மேடையிலிருந்து வந்தவர்தான். சினிமா அவர் பெயரைக் காப்பாற்றிவிட்டது. பாலாமணி கொடிகட்டிப் பறந்ததோ அதற்கு முந்தைய காலம். கடைசி நாள்களை மதுரையில் வறுமையில் கழித்து மறைந்தார் என்கிறார்கள். பலருக்குச் சம்பளம் கொடுத்தவருக்கு நேர்ந்த முடிவு அது.

வானொலியில் நான் பேசுவதும் காற்றோடு போவதுதான். ஆனாலும் எனக்கு ஒலிப்பதிவு என்ற துணை இருக்கிறது. மேடை நடிகைக்கு அன்று இருந்த ஒரே பதிவு, பார்த்தவர்களின் நினைவு. அவர்கள் வீட்டுக்குப் போய்ப் பிள்ளைகளிடம் சொன்னால்தான் உண்டு.

அன்றிரவு பார்த்த நாடகத்தில் பாட்டியாக நடித்த பெண் என்னைக் கலங்க வைத்தார். ரயிலைப் பிடிக்கும் அவசரத்தில் அவர் பெயரைக்கூடக் கேட்காமல் வந்துவிட்டேன்.

அடுத்தமுறை குடும்பத்தோடு நாடகத்துக்குப் போனால் ஐந்து நிமிடம் நின்று, நடித்தவரின் பெயரைக் கேளுங்கள். வீடு திரும்பும் வழியில் அவரைப் பற்றிப் பேசுங்கள். நமக்காகச் சிறப்பு ரயில் விடமாட்டார்கள்தான். அந்தப் பெயரையாவது ரயிலில் நம்மோடு அழைத்து வரலாமே!