வரிசையில் வா என்பவர்களுக்கு

அமெரிக்காவில் குடியேற்றம் பற்றிய பேச்சு எங்கே தொடங்கினாலும் கடைசியில் ஒரு வாதத்தில் வந்து நிற்கும். “எங்கள் தாத்தாவும் வெளிநாட்டிலிருந்து வந்தவர்தான். ஆனால் அவர் சட்டப்படி வந்தார். இவர்களும் வரிசையில் நின்று வரட்டும்.” ஐரிஷ், இத்தாலிய, போலந்துக் குடும்பங்களில் பிறந்தவர்கள் இதைத் தலைமுறைகளாகச் சொல்லி வருகிறார்கள். எச்1பி விசாவில் போய்க் குடியுரிமை பெற்ற இந்தியர்கள் பலரும், நம் தமிழர்கள் உட்பட, இப்போது இதையே சொல்கிறார்கள். கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கிறது. அந்நியரை வெறுக்கும் குரல் அல்ல இது. ஒழுங்கை மதிக்கும் குரல். அதனால்தான் இதற்குப் பொறுமையாகப் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. தாத்தா நின்ற வரிசை எது, இன்று மற்றவர்களை நிற்கச் சொல்லும் வரிசை எது என்று சட்டத்தைப் புரட்டிப் பார்த்தால், இரண்டும் வேறு வேறு என்பது தெரியும். இன்று காய்கறித் தோட்டத்திலும் கட்டடச் சாரத்திலும் ஆவணமில்லாமல் உழைப்பவர்களில் பெரும்பாலோருக்கு நிற்பதற்கு வரிசையே கிடையாது என்பதும் தெரியும்.

நியூயார்க் துறைமுகத்தில் எல்லிஸ் தீவுச் சோதனை நிலையம் 1892இல் திறந்தது. 1954இல் மூடும் வரை சுமார் 1.2 கோடிப் பேர் அதன் வழியே அமெரிக்காவுக்குள் போனார்கள். முதல் உலகப் போருக்கு முன்பு அங்கே வந்து இறங்கியவர்கள் யாரிடமும் விசா இல்லை. அப்படி ஒன்று தேவைப்படவும் இல்லை. கப்பலுக்குச் சீட்டு வாங்க முடிந்தவர்கள் ஏறினார்கள். கரையில் மருத்துவர் கண்ணையும் தோலையும் பார்த்தார். இந்த ஆள் பிழைத்துக்கொள்வாரா, அரசுக்குப் பாரமாகிவிடுவாரா என்று அதிகாரி சில கேள்விகள் கேட்டார். பெரும்பாலோர் சில மணி நேரத்தில் வெளியே வந்துவிட்டார்கள். திருப்பி அனுப்பப்பட்டவர்கள் நூற்றுக்கு இரண்டு பேர்தான். அந்தக் கப்பல் பயணத்தின் துயரத்தையும், அதன் பிறகு அவர்கள் நெசவாலைகளிலும் சுரங்கங்களிலும் பட்ட பாட்டையும் யாரும் குறைத்துப் பேச முடியாது. ஆனால் அவர்கள் சட்டத்தை மீறாமல் வந்ததற்குக் காரணம், மீறுவதற்கென்று பெரிதாக எந்தச் சட்டமும் அப்போது இல்லை என்பதே. அதுவும் ஐரோப்பியருக்கு. சீனத் தொழிலாளர்களுக்கு 1882லேயே கதவு அடைக்கப்பட்டது. 1917இல் இந்தியா உள்ளிட்ட ஆசியப் பகுதிகளில் பெரும்பாலானவற்றுக்கும் அடைத்தார்கள்.

ஐரோப்பியருக்கும் நிலையான வரம்பு கட்டியது 1924ஆம் ஆண்டுச் சட்டம். ஒவ்வொரு ஐரோப்பிய நாட்டுக்கும் ஓர் ஒதுக்கீடு வைத்தார்கள். அந்த ஒதுக்கீட்டைக் கணக்கிட வேண்டுமென்றே 1890ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கை எடுத்துக்கொண்டார்கள். இத்தாலியரும் யூதரும் பெருமளவில் வந்தது அதற்குப் பிறகுதான். முன்பு சில ஆண்டுகளில் இரண்டு லட்சத்துக்கும் மேல் வந்துகொண்டிருந்த இத்தாலியர்களுக்குக் கிடைத்த இடம் ஆண்டுக்கு நாலாயிரத்துக்கும் குறைவு. எல்லைக் காவல் படை உருவானதும் அதே ஆண்டில்தான். பிறகு நடந்ததை இன்றைய விவாதத்தில் யாரும் அதிகம் நினைவுபடுத்துவதில்லை. 1929 மார்ச் 2ஆம் தேதி ஒரு சட்டம் வந்தது. 1921 ஜூனுக்கு முன்பு வந்து, வந்ததற்கான பதிவு இல்லாமல், நல்ல நடத்தையோடு தொடர்ந்து வாழ்ந்து வருபவர்கள் விண்ணப்பித்துச் சட்டபூர்வக் குடியாகலாம் என்றது அது. அடுத்த பத்தாண்டுகளில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் அதைப் பயன்படுத்திக்கொண்டார்கள். அவர்களில் மிகப் பெரும்பாலோர் ஐரோப்பியரும் கனடாக்காரர்களும். ஆசியர்களுக்குக் குடியுரிமைத் தகுதியே இல்லாததால் இந்தச் சலுகையும் இல்லை. இரண்டே நாள் கழித்து, மார்ச் 4ஆம் தேதி, இன்னொரு சட்டம் வந்தது. முறையான வாயில் வழியாக வராமல் எல்லையைக் கடப்பதை அது குற்றமாக்கியது. அதில் பெருமளவில் சிக்கியவர்கள் மெக்சிகோக்காரர்கள். ஒரே வாரத்தில் ஒரு சாராருக்கு மன்னிப்பு, இன்னொரு சாராருக்குச் சிறை. இரண்டையும் செய்தது ஒரே நாடாளுமன்றம்.

மெக்சிகோவின் கதை இன்றைய சிக்கலின் வேர். இரண்டாம் உலகப் போரில் ஆள் பற்றாக்குறை வந்தபோது, 1942இல் அமெரிக்க அரசே மெக்சிகோ அரசோடு ஒப்பந்தம் போட்டு விவசாயக் கூலிகளை வரவழைத்தது. பிரசேரோ திட்டம் என்று அதற்குப் பெயர். 1964 வரை 45 லட்சத்துக்கும் மேற்பட்ட வேலை ஒப்பந்தங்கள் போடப்பட்டன. உச்சத்தில் இருந்த 1950களின் பிற்பாதியில் ஆண்டுக்கு நான்கு லட்சத்துக்கும் மேல். கூலியிலும் தங்குமிடத்திலும் அவர்கள் சுரண்டப்பட்டது உண்மை. திட்டத்தை நிறுத்தியவர்கள் அதைத்தான் காரணமாகச் சொன்னார்கள். ஆனால் நிறுத்தியவர்கள் அதற்கு ஈடாக வேறு வழி எதையும் திறக்கவில்லை. நாட்டுவாரி இன ஒதுக்கீட்டை ஒழித்த 1965ஆம் ஆண்டுச் சட்டம் நம்மைப் போன்ற ஆசியர்களுக்கு வாசலைத் திறந்தது. அதுவரை இந்தியாவுக்கு ஆண்டுக்கு நூறு இடம்தான். அதே சட்டம் அமெரிக்கக் கண்டத்து நாடுகளுக்கு முதன்முறையாக வரம்பு விதித்தது. 1976இல் மெக்சிகோவுக்கென்று ஆண்டுக்கு 20,000 என்று முடிவானது. லட்சக்கணக்கானோர் சட்டப்படி வந்து போய்க்கொண்டிருந்த பாதை இப்படித்தான் குறுகியது. தோட்டங்கள் அப்படியே இருந்தன, கூலிக்கு ஆள் தேடிய முதலாளிகளும் இருந்தார்கள், வந்தவர்களும் முன்பு வந்த அதே ஊர்க்காரர்கள். மாறியது சட்டம் மட்டும்தான். அதே வேலைக்கு அதே வழியில் வந்தவர் ஒரு பத்தாண்டுக்குள் சட்டவிரோதக் குடியேறி ஆனார்.

இன்று நிலைமை என்ன? வேலை அடிப்படையில் ஆண்டுக்குக் கிடைப்பவை சுமார் 1,40,000 கிரீன் கார்டுகள்; மனைவி, கணவர், பிள்ளைகளுக்கும் இதிலிருந்தே போக வேண்டும். படிப்போ தனித்திறமையோ தேவைப்படாத வேலைகளுக்கு இதில் பத்தாயிரத்துக்கு மேல் கொடுக்கக் கூடாது. பயிர்த் தோட்டக் கூலிகளில் பத்தில் நால்வர் ஆவணமில்லாதவர்களாக இருக்கும் நாட்டில் இதுதான் கணக்கு. அமெரிக்கக் குடியுரிமை பெற்ற அண்ணன் மெக்சிகோவிலிருக்கும் தம்பிக்கு விண்ணப்பித்தால் இருபது ஆண்டுகளுக்கும் மேல் காத்திருக்க வேண்டும். அப்படி விண்ணப்பிக்க யாரும் இல்லாத குவாதமாலா விவசாயிக்குப் பெயர் எழுதிவைக்கக்கூட ஓர் அலுவலகம் கிடையாது. வரிசையில் ஒழுங்காக நிற்பவர்களின் கதியும் நமக்குத் தெரியாததல்ல. எந்த ஒரு நாட்டுக்கும் ஏழு சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது என்ற விதியால், குடும்பத்தாரையும் சேர்த்துப் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள் கிரீன் கார்டுக்குக் காத்திருக்கிறார்கள். மூன்று வயதில் சென்னையிலிருந்து போன பிள்ளைக்கு 21 வயது முடிந்ததும் பெற்றோரின் விண்ணப்பத்திலிருந்து பெயர் விழுந்துவிடுகிறது. வளர்ந்த ஊரில் தங்க அந்தப் பிள்ளை வேறு விசா தேட வேண்டும், இல்லையென்றால் கிளம்ப வேண்டும். எதையும் மீறாத குடும்பம் அது.

ஒரு நாட்டுக்குத் தன் எல்லையைக் காக்கும் உரிமை இல்லையா என்று கேட்கலாம். நிச்சயமாக உண்டு. யார் வரலாம், எத்தனை பேர் வரலாம் என்று முடிவு செய்யும் அதிகாரம் அமெரிக்க மக்களுக்கே உரியது. 2022 முதல் 2024 வரை தெற்கு எல்லையில் நடந்ததை மறைப்பதிலும் பயனில்லை. 2023 டிசம்பரில் மட்டும் அங்கே பிடிபட்டவர்கள் ஏறக்குறைய இரண்டரை லட்சம். நியூயார்க் நகரம் மட்டும் இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டோரைத் தாங்க வேண்டியிருந்தது. குடியேற்றத்தைக் குறைக்க வேண்டும் என்று 2024இல் கேலப் கருத்துக்கணிப்பில் 55 சதவீதம் பேர் சொன்னது வெறும் இனவெறியால் அல்ல. அரசு கைவிட்டுவிட்டது என்ற உணர்வும் அதில் இருந்தது. அடுத்த ஆண்டு எல்லை அடங்கி, நாட்டுக்குள்ளே கைதுகள் பெருகியபோது, அதே கணிப்பில் அந்த எண்ணிக்கை 30 சதவீதமாக இறங்கியது. மக்கள் கேட்டது ஒழுங்கை. வேலைக்கு வழி இல்லாதவர்கள் அத்தனை பேரும் அடைக்கலம் கோரும் ஒரே வாசலில் போய் மோதுவதும், அடைக்கலம் கேட்டவருக்கு ஆறு மாதம் வேலை செய்ய அனுமதி மறுத்து நகராட்சியின் செலவில் தங்கவைப்பதும் ஒழுங்கின்மையை வளர்க்கும் ஏற்பாடுகள்.

உள்ளூர்த் தொழிலாளியின் கூலி குறைகிறதே என்பது அடுத்த கேள்வி. இதைத் தட்டிக்கழிக்கக் கூடாது. அமெரிக்கத் தேசிய அறிவியல் கழகங்கள் 2016இல் வெளியிட்ட விரிவான அறிக்கை, நீண்ட காலத்தில் ஒட்டுமொத்தக் கூலியில் பாதிப்பு மிகக் குறைவு என்கிறது. பாதிப்பு இருக்கும் இடத்தில் அது பள்ளிப் படிப்பை முடிக்காதவர்கள் மீதும் முன்பே வந்த குடியேறிகள் மீதும் விழுகிறது என்பதையும் ஒப்புக்கொள்கிறது. முதல் தலைமுறையின் பிள்ளைகளைப் படிக்கவைக்க மாநிலங்களுக்குச் செலவாகிறது, அந்தப் பிள்ளைகள் வளர்ந்து அதிக வரி கட்டுபவர்களில் சேர்கிறார்கள் என்பதும் அதே அறிக்கையில் உண்டு. ஆளை வெளியேற்றினால் கூலி உயருமா என்பதற்கு வரலாறே ஒரு சோதனையை நடத்திக் காட்டியிருக்கிறது. பிரசேரோ திட்டம் நின்ற பிறகு அமெரிக்க விவசாயக் கூலிகளின் வருமானம் என்ன ஆனது என்று மைக்கேல் கிளெமென்ஸ் உள்ளிட்ட மூன்று பொருளாதார அறிஞர்கள் மாநிலம் மாநிலமாக ஆராய்ந்தார்கள். மெக்சிகோக்காரர்கள் அதிகம் இருந்த மாநிலங்களிலும் அவர்கள் இல்லாத மாநிலங்களிலும் கூலி ஒரே போலத்தான் நகர்ந்தது. கலிபோர்னியாவில் தக்காளி பறிக்க இயந்திரம் வந்தது. இயந்திரம் கிடைக்காத பயிர்களில் சிலவற்றின் சாகுபடி குறைந்தது. உள்ளூர்த் தொழிலாளிக்கு எதுவும் கிடைக்கவில்லை. கூலியை உண்மையில் அழுத்துவது, புகார் சொன்னால் நாடுகடத்தப்படுவோம் என்று வாயை மூடிக்கொண்டிருக்கும் ஒருவர் பக்கத்தில் நின்று வேலை செய்வதுதான். அவருக்கு ஆவணம் கொடுத்தால் அவரும் பேரம் பேசுவார்.

மன்னித்தால் இன்னும் பலர் வருவார்கள் என்று சொல்பவர்கள் 1986ஐச் சுட்டுவார்கள். ரீகன் கையெழுத்திட்ட அந்தச் சட்டத்தால் சுமார் 27 லட்சம் பேர் சட்டபூர்வக் குடிகளானார்கள். ஆனாலும் 1990இல் 35 லட்சமாக இருந்த ஆவணமற்றவர்களின் எண்ணிக்கை 2007இல் 1.2 கோடியைத் தாண்டியது. நடந்தது அப்படித்தான், ஆனால் காரணம் வேறு. அந்தச் சட்டம் கடந்த காலத்தை மன்னித்தது, வருங்காலத்துக்கு வாசல் வைக்கவில்லை. பொருளாதாரம் ஆள் கேட்டுக்கொண்டே இருந்தது. 1996ஆம் ஆண்டுச் சட்டம் நிலைமையை மோசமாக்கியது. ஓராண்டுக்கு மேல் ஆவணமின்றித் தங்கிய ஒருவர் நாட்டைவிட்டு வெளியே போனால் பத்தாண்டு திரும்பி வர முடியாது என்றது. அறுவடை முடிந்து ஊர் திரும்பிக்கொண்டிருந்தவர்கள் அதன் பிறகு திரும்பத் துணியவில்லை; குடும்பத்தை அங்கே வரவழைத்துத் தங்கிவிட்டார்கள். பியூ ஆய்வு மையத்தின் கணிப்புப்படி 2023இல் ஆவணமற்றவர்கள் 1.4 கோடி. 2022இல் மட்டும் அவர்கள் கட்டிய வரி சுமார் 9,700 கோடி டாலர் என்று ஒரு வரிக்கொள்கை ஆய்வு நிறுவனம் கணக்கிட்டிருக்கிறது; முதுமை ஓய்வூதியத்துக்காகப் பிடிக்கப்படும் தொகையும் அதில் அடக்கம். அந்த ஓய்வூதியம் அவர்களுக்குக் கிடைக்காது.

சட்டப்படி வந்தோம் என்று பெருமைப்படும் தமிழர்களை நான் கேட்டுக்கொள்வது ஒன்றுதான். 1965க்கு முன்பு நம்மில் ஏறக்குறைய யாருக்கும் வரிசை இல்லை. ஒரு தலைமுறை போராடிச் சட்டத்தை மாற்றியதால் நமக்கு ஒன்று கிடைத்தது. அதையே அடுத்தவருக்கும் கேளுங்கள். அதற்குப் புதிதாக எதையும் கண்டுபிடிக்க வேண்டாம். 1929இல் ஐரோப்பியருக்காகக் கொண்டுவந்த அந்தப் பதிவு விதி இன்னும் சட்டத்தில் உயிரோடு இருக்கிறது. குறிப்பிட்ட தேதிக்கு முன்பு வந்து நல்லபடியாக வாழ்பவர்கள் கிரீன் கார்டு கேட்கலாம் என்கிற அதே விதிதான். 1940, 1958, 1965, 1986 என்று நான்கு முறை நாடாளுமன்றம் அந்தத் தேதியை முன்னே நகர்த்தியது. அதன் பிறகு நகர்த்தவில்லை. நகர்த்தச் சொல்லி வந்த மசோதாக்கள் நிறைவேறவில்லை. இன்றும் சட்டத்தில் இருக்கும் தேதி 1972 ஜனவரி 1.